முடிவை முன்கூட்டிச் சொன்ன அன்று

வானொலிக்கு எழுதிய காலத்திலிருந்தே அவர் தன் மர்மக் கதைகளின் முடிவை யாரிடமும் சொன்னதில்லை. நடிகர்களுக்கே கடைசிப் பக்கம் ஒலிப்பதிவு அன்றுதான் கிடைக்கும். தொலைக்காட்சிக்குப் போன பிறகும் அதே கெடுபிடி.

"ஊருக்குத் தெரியும்போதுதான் எனக்கும் தெரியணும்னா, நான் எதுக்குப் பொண்டாட்டின்னு இருக்கேன்?" என்று மனைவி நொடித்துக்கொள்வாள். அப்போதும் அவர் வாய் திறக்க மாட்டார்.

அவருடைய முதல் சினிமா பாதி வளர்ந்திருந்தபோது அவள் படுத்த படுக்கையானாள். ஒரு நாள் காலை ஆஸ்பத்திரியில் டாக்டர் அவரைத் தனியே அழைத்து, இனி சில வாரங்கள்தான் என்றார்.

அவர் முகத்தைத் துடைத்துக்கொண்டு வார்டுக்கு வந்து, அவள் தலைமாட்டில் உட்கார்ந்தார்.

"படம் எப்போ வரும்?" என்று கேட்டாள்.

"இன்னும் ஆறு மாசம் ஆகும்." படத்தின் முடிவையாவது அவளுக்குக் கொடுத்துவிடலாம் என்று அவருக்குத் தோன்றியது. "கொலை பண்ணது வக்கீலோட தங்கச்சிதான்" என்றார்.

அவள் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"டாக்டர் சொல்லிட்டாரா?"

அவர் தலை குனிந்தார்.

"சரி, அவ ஏன் கொன்னா? அதையும் சொல்லிடுங்க. பாதியில விட்டுடாதீங்க."