ஆடு தொடாத பச்சை

எங்கள் வாசலில் எந்தச் செடியும் நிலைத்ததில்லை. கும்மிடிப்பூண்டியில் ஒரு இரும்பு ஆலைக்குப் பின்பக்கத் தெருவில் வீடு. ரோஜா வைத்தேன், கருகியது. கனகாம்பரத்தை ஆடு தின்றது. போர்வெல்லில் குடிக்கத் தண்ணீர் வருவதே பெரிய பாடு, இதில் செடிக்கு எங்கே ஊற்றுவது? கடைசியில் நர்சரிக்காரர் ஒரு கூடை கொடியை என் தலையில் கட்டினார். தேர்வாய் கண்டிகையில் நான் வேலை செய்யும் கம்பெனி வாசலில் தரையோடு தரையாகப் படர்ந்து மஞ்சளாகப் பூத்துக் கிடக்கும், அதே கொடி. தண்ணீர் ஊற்றாவிட்டாலும் பச்சையாக இருக்கும், ஆடு வாயே வைக்காது என்றார். எனக்கு அது போதும்.

அந்த வருஷ மழைக்கு வாசல் முழுக்க மூடிவிட்டது. சித்திரை வெயிலிலும் வாடவில்லை. ஷிஃப்ட் முடிந்து வந்து செருப்பைக் கழற்றும்போது அதைப் பார்த்தால் பாதி அலுப்பு போய்விடும். அவ்வளவு பெருமை எனக்கு.

போன கோடையில் என் வீட்டுக்காரருக்கு மஞ்சள் காமாலை வந்தது. மாத்திரை கொடுத்த டாக்டர், வேறு எதையும் அரைத்துக் குடிக்கக் கூடாது என்று கண்டித்துத்தான் அனுப்பினார். விஷயம் தெரிந்து ஆர்.கே.பேட்டையிலிருந்து என் நாத்தனார், அவருடைய அக்கா, வந்தார். பையைக்கூட இறக்கவில்லை, வாசலிலேயே குனிந்துவிட்டார். மஞ்சள் கரிசலாங்கண்ணியை வாசல் நிறைய வைத்துக்கொண்டு மாத்திரையா வாங்குகிறாய் என்று என்னை ஒரு பிடி பிடித்தார்.

பூ ஏறக்குறைய அதே மாதிரிதான் இருக்கும், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் இது கீரை இல்லை, அழகுக்கு வைக்கிற செடி. இலை எவ்வளவு தடிப்பாகப் பளபளவென்று இருக்கிறது என்று காட்டினேன். அவர் காதில் ஏறவில்லை. விஷமா இல்லையா என்று எனக்கும் தெரியாது. தெரியாத ஒன்றைக் கெட்டுப்போன ஈரலுக்கு எப்படிக் கொடுப்பது? மறுநாள் காலை நான் குளித்துவிட்டு வருவதற்குள் வீட்டுக்காரர் கையில் ஒரு டம்ளர் பச்சைச் சாறு. பிடுங்கிக் கொட்டினேன்.

"உனுக்கு எந்தம்பி பெருசா, செடி பெருசா?" என்றார் நாத்தனார்.

"ஆடே தொடாதத அவருக்குக் குடுப்பீங்களா அண்ணி?"

வீட்டுக்காரர் சுவர் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார். அப்போது எனக்கு அவர் மேல்தான் ஆத்திரம் அதிகம்.

நான் வேலைக்குப் போனால் நாத்தனார் மறுபடி அரைப்பார், சந்தேகமே இல்லை. லீவு போட்டேன். முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு மொத்தத்தையும் பிடுங்கினேன். கணுவுக்குக் கணு வேர் விட்டிருந்தது. அழுதுகொண்டேதான் பிடுங்கினேன், தெருவே வேடிக்கை பார்த்தது. கூடை கூடையாகத் தெருமுனைக் கால்வாய் ஓரம் கொண்டுபோய்க் கொட்டினேன்.

மாத்திரையிலும் ஓய்விலும் அவர் தேறினார். நான் கொட்டுவதற்கு முன்பே இரண்டு வாய் குடித்திருந்தாராம். அதில்தான் பிழைத்தார் என்று நாத்தனார் ஊருக்குக் கிளம்பும்வரை தெரு முழுக்கச் சொல்லிவிட்டுப் போனார்.

மழை வந்தது. கொட்டின இடத்தில் கொடி வேர் பிடித்துக் கால்வாய் நெடுக ஓடிவிட்டது. எதிர்வீட்டுப் பெண்ணின் மகளுக்குப் போன வாரம் கண் மஞ்சளித்தது. நேற்றுக் காலை அந்தப் பெண் கிண்ணத்தோடு கால்வாய் ஓரம் குனிந்திருப்பதைப் பார்த்து ஓடினேன். இது கரிசலாங்கண்ணி இல்லை, பிள்ளையை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப் போ, நானும் வருகிறேன் என்று கெஞ்சினேன்.

"உன் ஊட்டுக்காரரு இதுலதானக்கா பொயச்சாரு? எம்பொண்ணுக்கு மட்டும் வாணான்றியே" என்றாள்.

கிண்ணத்தை முந்தானையால் மூடிக்கொண்டு நடந்தாள். பின்னாலேயே போனேன். அவள் கதவைச் சாத்திக்கொண்டாள். நான் தட்டிக்கொண்டே நின்றேன். உள்ளே மிக்ஸி ஓடத் தொடங்கியது.