மேரியில் கல்யாணம்

நெல்லித்தோப்பில் ஞானமேரியின் வீட்டு வாசலில் ஒரு பலகை தொங்குகிறது. பிளவுஸ், சுடிதார், சபை உடைகள் தைத்துத் தரப்படும் என்று எழுதியிருக்கும். சபை உடைகள் என்றால் முழுக்கு ஞானஸ்நானத்துக்குத் தண்ணீரில் இறங்குகிறவர்கள் போட்டுக்கொள்ளும் வெள்ளை அங்கி, பாட்டுக்குழுப் பெண்களுக்கு மேலங்கி, போதகர்களுக்குக் கணுக்கால்வரை நீளும் அங்கி. முன்பெல்லாம் இந்தச் சின்னச் சபைகளின் போதகர்கள் வெள்ளைச் சட்டை, வெள்ளைப் பேண்ட்டோடு சைக்கிளில் வந்து ஜெபம் செய்துவிட்டுப் போவார்கள். அவர்களுக்குத் தைக்க ஒன்றும் இருக்காது. இப்போது நாற்பது பேர் கூடுகிற மொட்டை மாடிக் கொட்டகைக்குக்கூட ஒரு பிஷப் இருக்கிறார். அவருக்கு ஊதா நிற அங்கி வேண்டும், இடுப்புக்குப் பட்டை வேண்டும், முப்பத்து மூன்று பொத்தான் வேண்டும். ஞானமேரிக்கு அது பிழைப்புதான். ஆனாலும் ஊதாத் துணியில் கத்தரியை வைக்கும்போதெல்லாம் அவளுக்கு அருவருப்பாக இருக்கும்.

எடுத்த எடுப்பிலேயே அப்படி இருந்தவள் இல்லை. கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்தவள். கைக்குழந்தையாக இருந்தபோதே நெற்றியில் தண்ணீர் ஊற்றி, மாதாவின் பேரையும் சேர்த்து ஞானமேரி என்று பெயர் வைத்தார்கள். கட்டிக்கொண்ட அன்பழகனோ கடலூர்ப் பக்கத்துப் பழைய மிஷன் சபைக்காரன். வெள்ளைக்காரப் பாதிரிகள் ஆரம்பித்து வைத்துவிட்டுப் போன சபை அது. பிஷப், ஆலோசனைச் சங்கம், சினாடு, வட்டாரக் குழு என்று ஒரு சர்க்காருக்கு வேண்டிய அத்தனையும் அதில் உண்டு. தேர்தலும் உண்டு. தேர்தல் என்றால் கோஷ்டியும் உண்டு. கல்யாணமாகிப் போன முதல் வருடமே, பிஷப் தேர்தலுக்கான கூட்டத்தில் இரண்டு கோஷ்டியும் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு நின்றதை அவள் கண்ணால் பார்த்தாள். இதைத்தான் ஊழியம் என்கிறார்களா என்று புருஷனிடம் கேட்டாள். அவன் குடித்திருந்தான்.

அன்பழகனின் குடியை நிறுத்தியது முதலியார்பேட்டையில் இருந்த ஒரு சின்னச் சபை. அதை ஞானமேரி இன்றைக்கும் மறுக்க மாட்டாள். அங்கே இருந்த வயதான போதகர் தினமும் வீட்டுக்கு வந்து, அவன் பக்கத்தில் உட்கார்ந்து, அவன் வாந்தி எடுத்தால் துடைத்துவிட்டு ஜெபம் செய்த மனுஷன். அந்த நன்றிக்காகத்தான் குடும்பத்தோடு காலாப்பட்டுக் கடலில் இறங்கி முழுக்கு ஞானஸ்நானம் எடுத்தாள். தோட்டையும் தாலியையும் கழற்றச் சொன்னார்கள், கழற்றினாள். பூ வைக்கக் கூடாது என்றார்கள், விட்டாள். சின்ன வயதில் நெற்றியில் ஊற்றிய தண்ணீர் செல்லாது என்றார்கள். கடலைவிடப் பெரிய தண்ணீர் ஏது, இதற்கு மேல் யாரும் குறை சொல்ல முடியாது என்று நினைத்துக்கொண்டாள்.

பெரியவர் செத்துப்போன மறு மாதமே சபை இரண்டாக உடைந்தது. அவருக்கு உதவியாளாக இருந்த லூர்துபிரகாஷ், செஞ்சிப் பக்கத்துக்காரர், பாதி ஆட்களையும் முழு சவுண்டு செட்டையும் எடுத்துக்கொண்டு தனியாகப் போய் ஒரு மாடிக் கொட்டகையில் சபை நடத்தினார். உடைந்ததற்குக் காரணம் வசனமும் இல்லை, உபதேசமும் இல்லை. ஞாயிற்றுக்கிழமைப் பிரசங்கம் யார் செய்வது என்பதுதான். அன்பழகன் அவர் பின்னால் போனான், அதனால் ஞானமேரியும் போனாள். அடுத்த வருடமே அன்பழகன் மாரடைப்பில் போய்விட்டான். அவள் மட்டும் அந்தக் கொட்டகைச் சபையிலேயே தங்கிவிட்டாள். மகள் சிந்துஜாவுக்கு அங்கேதான் சிநேகிதிகள் இருந்தார்கள்.

லூர்துபிரகாஷ் முதலில் தன் பெயரிலிருந்து லூர்துவைக் கழற்றினார். அது மாதா காட்சி கொடுத்த ஊரின் பெயராம், விக்கிரக வாடை அடிக்கிறதாம். பிறகு முன்னால் டாக்டர் சேர்ந்தது. வெளிநாட்டுச் சபைக் கூட்டமைப்பு ஒன்றோடு சேர்ந்ததும் பிஷப் சேர்ந்தது. மாடியில் இருந்த தகரக் கொட்டகையின் போர்டில் இன்டர்நேஷனல் என்றும் உலகத் தலைமையகம் என்றும் எழுதினார்கள். கீழ்த்தளத்தில் இருந்த சிக்கன் பக்கோடா கடையின் புகை, உலகத் தலைமையகத்துக்குள் போய் எல்லோரையும் இரும வைத்தது.

அந்தக் கூட்டமைப்பிலிருந்து ஒருவர் வந்து திரையில் படம் காட்டிப் பேசினார். உலகத்தில் கிறிஸ்தவர்கள் எத்தனையோ கோடி, சபைப் பிரிவுகள் எத்தனையோ ஆயிரம், ஒவ்வொரு நாளும் புதுச் சபை முளைக்கிறது என்றார். எல்லோரும் அல்லேலூயா சொல்லிக் கை தட்டினார்கள். ஞானமேரி மட்டும் தட்டவில்லை. அவள் மனதுக்குள் வேறு கணக்கு ஓடியது. அவளைக் கத்தோலிக்கர்கள் இன்னும் தங்கள் ஆளாகத்தான் வைத்திருப்பார்கள். மிஷன் சபையும் பேரை அடித்திருக்காது. பெரியவரின் பழைய சபையும் விட்டிருக்காது. இப்போது இங்கேயும் ஒன்று. ஒருத்தியே நாலு ஆள். இப்படிக் கூட்டினால் கோடி வராமல் என்ன செய்யும்? உடைந்ததையெல்லாம் வளர்ந்தது என்று சொல்லிக் கை தட்டுகிறார்களே, வெட்கமாக இல்லையா என்று அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

சிந்துஜாவுக்குக் கல்யாணம் கூடிவந்தது இந்தச் சமயத்தில்தான். மாப்பிள்ளை செல்வகுமார், குவைத்தில் ஏசி மெக்கானிக். அன்பழகனின் பழைய மிஷன் சபையைச் சேர்ந்த குடும்பம். இரண்டு பேரும் மூன்று வருடமாகப் பேசிப் பழகி, பெரியவர்களிடம் சொல்லி, எல்லோரும் ஒத்துக்கொண்ட சம்பந்தம். செல்வகுமார் லீவு முடிந்து திரும்புவதற்குள் கல்யாணத்தை முடித்தாக வேண்டும். இந்தத் தடவை விட்டால் அடுத்த லீவு இரண்டு வருடம் கழித்துத்தான். ஞானமேரி பிஷப்பிடம் தேதி கேட்கப் போனாள்.

அன்றைக்கு மாடியில் ஞானஸ்நானம் நடந்து முடிந்திருந்தது. கூட்டமைப்பு புதுச் சட்டம் போட்டிருந்தது. கடலில் எடுத்தது செல்லாது, ஏனென்றால் தண்ணீரில் முக்கும்போது சொன்ன வார்த்தைகள் சரியில்லையாம். எல்லோரும் மறுபடி முழுக வேண்டும். அதற்காக நீல பிளாஸ்டிக் தொட்டி ஒன்றை வாங்கிப் போட்டிருந்தார்கள். காலையிலிருந்து அத்தனை பேரும் ஒரே தண்ணீரில் இறங்கி ஏறியிருந்தார்கள். மேலே தேங்காய் எண்ணெய் மினுமினுத்தது. தலைமுடி மிதந்தது. யாருடைய காலிலிருந்தோ கழன்ற பிளாஸ்திரி ஒன்று ஓரத்தில் ஒட்டிக்கொண்டிருந்தது. ஞானமேரி தைத்துக் கொடுத்த வெள்ளை அங்கிகள் பழுப்பேறி மூலையில் குவிந்து கிடந்தன. அவள் முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டாள்.

பிஷப் மோதிரக் கையை நீட்டினார். அவள் முத்தமிடவில்லை, கும்பிட்டாள். விஷயத்தைச் சொன்னாள். அவர் கேட்டுவிட்டு மூன்று நிபந்தனை வைத்தார். தாயும் மகளும் இந்தத் தொட்டியில் முழுக வேண்டும். மாப்பிள்ளையும் முழுக வேண்டும். மூன்றாவது, பத்திரிகையில் அவள் பெயர் ஞானம் என்றுதான் வர வேண்டும்.

"மேரி வேணாம் சிஸ்டர். அத எடுத்துட்டுதான் எதுவா இருந்தாலும்."

"அப்பா அம்மா வெச்ச பேரு பாஸ்டர்."

"நான் எடுக்கலையா?" என்று சிரித்தார் பிஷப். "பாஸ்டர் இல்ல, பிஷப்."

வெளியே வந்து படியிறங்கும்போது ஞானமேரி வாந்தி எடுத்தாள். பக்கோடாக்காரர் தண்ணீர் கொடுத்தார்.

மாப்பிள்ளை வீட்டுச் சபையைக் கேட்டுப் பார்க்கலாம் என்று போனார்கள். அங்கே தொட்டி இல்லை, மரியாதையாக நாற்காலி போட்டு உட்கார வைத்தார்கள். ஆனால் பெண் வேறு சபை என்பதால் ஆறு மாதம் உபதேச வகுப்புக்கு வந்து, திடப்படுத்தல் பெற்று, பிறகுதான் கல்யாண அறிவிப்பு ஓலையைச் சபையில் வாசிக்க முடியும் என்றார் ஆயர். சின்ன வயதில் இதே சபையில்தான் சிந்துஜாவுக்கு ஞானஸ்நானம் என்று ஞானமேரி சொன்னாள். அது வாஸ்தவம்தான், ஆனால் நடுவில் போய் முழுகியதால் பழைய ஞானஸ்நானத்தை அவமதித்ததாகிறது, அதற்கு ஆலோசனைச் சங்கம் கூடி முடிவெடுக்க வேண்டும் என்றார். ஆலோசனைச் சங்கம் எப்போது கூடும் என்று கேட்டதற்கு, இப்போது இரண்டு ஆலோசனைச் சங்கங்கள் இருக்கின்றன, எது செல்லும் என்று கோர்ட்டு சொன்னதும் கூடும் என்றார். சொல்லும்போது அவர் முகத்தில் கூச்சமே இல்லை. வீட்டுக்கு வந்ததும் சிந்துஜா அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

பக்கத்து வீட்டுப் பொலின் அக்காதான் வழி சொன்னாள். பிரெஞ்சு பட்டாளத்தில் இருந்த புருஷனின் பென்ஷனில் வாழ்கிறவள். வேளை தவறாமல் பூசைக்குப் போகிறவள்தான், ஆனால் சாமியார்களைப் பற்றிப் பேசும்போது நாக்குக்குப் பூட்டு கிடையாது.

"இன்னாத்துக்கு இவனுங்க கால்ல போய் வுழுற? எங்க காலத்துல மொதல்ல மேரி, அப்புறம்தான் கோயிலு. மேரில எழுதிட்டா அதான் கல்யாணம். எந்த பிஷப்பு வந்து இல்லன்னு சொல்லுவான்?"

முனிசிபாலிட்டியைப் புதுச்சேரியில் பழைய ஆட்கள் இன்னும் மேரி என்றுதான் சொல்வார்கள். பிரெஞ்சுக்காரன் விட்டுப்போன சொல். ஞானமேரியும் பிறந்ததிலிருந்து அப்படித்தான் சொல்லிப் பழகியவள். செல்வகுமார் வீட்டிலும் சரி என்றார்கள். நோட்டீஸ் கொடுத்தார்கள். தேதி கிடைத்தது. சிந்துஜா அறையை விட்டு வெளியே வந்து, புடவைக்கு என்ன நிறம் எடுக்கலாம் என்று கேட்டாள்.

பிஷப்பே ஒருநாள் போன் செய்து, முழுக்குக்கு எப்போது வருகிறீர்கள் என்று கேட்டார். வெளிநாட்டிலிருந்து ஆட்கள் தலை எண்ண வரப்போகிறார்கள் என்பதால் அவருக்கு அவசரம். ஞானமேரி ஒளிக்கவில்லை.

"கல்யாணத்த மேரில வெச்சிருக்கோம் பாஸ்டர். வர்ற புதன்கிழமை."

பிஷப் சட்டென்று போனை வைத்துவிட்டார்.

விஷயம் அவளுக்குத் திங்கட்கிழமைதான் தெரிந்தது. மேலங்கியின் கையைக் குட்டையாக்கித் தரச் சொல்லி வந்த பாட்டுக்குழுப் பெண் கவிநிலா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். ஞாயிற்றுக்கிழமைப் பிரசங்கம் முழுக்க ஞானமேரியைப் பற்றித்தானாம். ஒரு சகோதரி பின்மாற்றக்காரியாகி மேரியிடம் திரும்பிப் போய்விட்டாள், மகளை மேரியின் பீடத்துக்கு முன்னால் கட்டிக்கொடுக்கப் போகிறாள் என்று பிஷப் கண்ணீர் விட்டாராம். சபையே அவளுக்காக உபவாசம் இருக்க வேண்டுமாம். கத்தோலிக்கர்கள் மாதா என்பார்கள். மேரி என்று சொல்வது இந்தச் சபைக்காரர்கள்தான், அதுவும் முகத்தைச் சுளித்துக்கொண்டு. செஞ்சிக்காரருக்குப் புதுச்சேரி மேரி தெரியவில்லை. உட்கார்ந்திருந்தவர்களில் பாதிப் பேர் உள்ளூர்க்காரர்கள், அவர்களுக்குப் புரிந்திருக்கிறது. ஆனால் யாரும் எழுந்து சொல்லவில்லை. பிஷப்பைத் திருத்துகிற வழக்கம் அந்தச் சபையில் இல்லை. கேட்டுவிட்டு ஞானமேரி சிரிக்கவில்லை. குடியில் கிடந்த அன்பழகனைத் தாங்கிப் பிடித்த சபையிலிருந்து வந்தவர்கள்தானா இவர்கள் என்று நினைத்துக்கொண்டாள். உண்மையை எடுத்துச் சொல்லவும் அவளுக்கு மனம் வரவில்லை.

புதன்கிழமை காலை. முனிசிபாலிட்டியில் சிந்துஜாவும் செல்வகுமாரும் கையெழுத்துப் போட்டாயிற்று. சிந்துஜா தலை நிறைய மல்லிகை வைத்திருந்தாள், ஞானமேரியே வாங்கி வைத்துவிட்டது. அடுத்துச் சாட்சிக் கையெழுத்து. ஞானமேரி பேனாவை வாங்கும்போது போன் அடித்தது.

"எங்க சிஸ்டர் இருக்கீங்க?" பிஷப்பின் குரல் மூச்சு வாங்கியது. "ஒங்கள தடுக்கலாம்னு நான் மூப்பருங்களோட வந்து நெல்லித்தோப்பு மாதா கோயில்ல ஒரு மணி நேரமா நிக்கிறேன். இங்க எல்லாரும் எங்களயே பாக்கறாங்க. ஒருத்தரு என்னய அவங்க பிஷப்புன்னு நெனச்சி கால்ல வுழுந்துட்டாரு."

தான் தைத்துக் கொடுத்த ஊதா அங்கியோடு, முப்பத்து மூன்று பொத்தானும் பூட்டிய கோலத்தில், மாதா சுரூபத்தின் காலடியில் அவர் வேர்த்துக்கொண்டு நிற்பது ஞானமேரியின் கண் முன்னால் வந்தது.

"நான் மேரிலதான் இருக்கேன் பாஸ்டர். முனிசிபாலிட்டி ஆபீசு. இங்க அதுக்கு மேரின்னு பேரு. கல்யாணம் முடிஞ்சிது."

அவர் குரலைத் தாழ்த்தி, அது பரவாயில்லை, சபையில் தானே விளக்கிவிடுவதாகவும், ஆனால் மூன்று பேரின் முழுக்கும் அப்படியே பாக்கி நிற்கிறது, வெளிநாட்டார் வருவதற்குள் முடித்துவிட வேண்டும் என்றும் சொன்னார்.

"என் முழுக்கு ஆயிடுச்சி பாஸ்டர்," என்றாள் ஞானமேரி. "ஒங்க சபைய இப்பதான் தலைமுழுவுனேன்."

போனை அணைத்துப் பைக்குள் போட்டாள். எங்கே போட வேண்டும் என்று குமாஸ்தாவைக் கேட்டு, அவர் காட்டிய கோட்டுக்கு மேல், ஞானமேரி என்று நாலு எழுத்தையும் ஒன்று விடாமல் முழுசாக எழுதினாள்.