கமிஷன் வந்த அன்று காலியாகக் கிடந்த ஸ்டாண்டு

1. நோட்டீஸ்

பதினைந்து நாளில் இடத்தைக் காலி செய்யச் சொல்லிப் பஞ்சாயத்து நோட்டீஸ் ஒட்டியபோது, நான் லாரி ஸ்டாண்டுக்குச் செயலாளர். எழுபதுகளின் நடுப்பகுதி அது. கொல்லங்கோட்டுக்குக் கிழக்கே, எங்கள் ஊர்ச் சந்தையை ஒட்டிய புறம்போக்கில் பதினோரு லாரிகள் நிற்கும். வரிசையில் முன்னால் நிற்கிற வண்டிக்கு முதல் லோடு. தேங்காயோ செங்கலோ, வந்ததை ஏற்ற வேண்டும்.

தோட்டம் வைத்திருந்தவர்களுக்குக் கவலையில்லை, வண்டியைக் களத்தில் போட்டுக்கொள்ளலாம். ராக்கியப்பன் கதை வேறு. சொந்தமாக ஒரே ஒரு லாரி, இன்ஜின் முன்னால் நீட்டிக்கொண்டிருக்கும் பழைய மூக்கு லாரி; வீடு இருந்த சந்தில் மாட்டுவண்டிகூடத் திரும்பாது. "ஸ்டாண்டு போச்சுன்னா வண்டிய எம்பட தலைமேலயா நிறுத்தறது?" என்று என் சட்டையைப் பிடிக்காத குறையாகக் கேட்டான்.

கல்பாத்தி வக்கீல் ஒருவரைப் பிடித்து முன்சீப் கோர்ட்டில் தடை கேட்டோம். அவர் தெளிவாகவே சொன்னார். "பொது இடத்துல நின்னு தொழில் பண்றேள், வருஷக்கணக்கா அனுபவ பாத்யதை இருக்கு. அதை வாயால சொன்னாப் போறாது. கோர்ட் ஒரு வக்கீலைக் கமிஷனா அனுப்பும், அவர் வந்து பாக்கும்போது வண்டி நிக்கணும். உங்களுக்கு வேற சாட்சியே வேண்டாம்."

வெள்ளிக்கிழமை மூன்று மணிக்குக் கமிஷன். நான் தலையை ஆட்டிவிட்டு வந்தேன்.

2. வெள்ளிக்கிழமை

அன்று விடிந்ததும் மருதாசலம் இறந்துபோனார். அந்தப் புறம்போக்கில் முள்ளை வெட்டி முதல் லாரியை நிறுத்தியவரே அவர்தான். ஸ்டாண்டில் ஒருவர் போனால் அன்றைக்கு லோடு கிடையாது. எல்லா வண்டியும் வெறும் வண்டியாகப் பாடைக்குப் பின்னால் வரிசையாகப் போக வேண்டும். ஒரு லாரி நின்றாலும் செத்தவருக்கு அவமரியாதை. அப்படித்தான் பழகியிருந்தோம்.

ராக்கியப்பன் மட்டும் தயங்கினான். "ஏனுங்க, கமிஷன் வருதில்லீங்களா? எம்பட வண்டி மட்டும் நிக்கட்டுமுங்க. நான் இங்கிருந்தே கும்பிட்டுக்கறேன்."

எனக்கு எங்கிருந்துதான் அவ்வளவு கோபம் வந்ததோ! பத்துப் பேர் முன்னால் கத்தினேன். "உன்ற வண்டிக்கு முதல் லோடு ஏத்திக் குடுத்ததே அவருடா! அவரு சாவுக்குக்கூட வரமாட்டயா? நீயெல்லாம் ஒரு மனுசனா?"

அவன் முகம் சுருங்கிப் போயிற்று. போய் வண்டியை எடுத்தான்.

மத்தியானத்துக்குள் எல்லாம் முடிந்துவிடும் என்பது என் கணக்கு. ஆனால் மருதாசலத்தின் மகள் உடுமலையிலிருந்து வர வேண்டியிருந்தது, பஸ் கிடைக்கவில்லை. பெற்ற பிள்ளை முகம் பார்க்காமல் எப்படி எடுப்பது? அவள் வந்து சேர்ந்து, எடுத்து முடித்து நாங்கள் ஸ்டாண்டுக்குத் திரும்பும்போது மணி ஐந்து.

டீக்கடைக்காரர் ஓடி வந்தார். "குடையப் புடிச்சுட்டு ஒரு வக்கீலு வந்தாருங்க. லாரி நிக்குமான்னாரு. தெனமும் நிக்குமுங்க, இன்னைக்கு எழவுக்குப் போயிருக்குதுன்னு சொன்னேன். எழுதிப்போட்டுப் போயிட்டாருங்க."

தரையில் ஆயில் கறை உண்டு, வண்டி எதுவும் காணப்படவில்லை என்று ரிப்போர்ட் வந்தது. எங்கள் வக்கீல் எவ்வளவோ வாதாடிப் பார்த்தார். தடை கிடைக்கவில்லை. அடுத்த மாதமே கம்பிவேலி போட்டுவிட்டார்கள்.

3. செக்போஸ்ட்

ராக்கியப்பன் கொஞ்ச நாள் ரோட்டோரமாக நிறுத்திப் பார்த்தான். போலீஸ் விரட்டியது. கடைசியில் வண்டியை விற்றுவிட்டான். இரண்டு வருஷம் கழித்து, எல்லைச் செக்போஸ்டில் யாரோ ஒருவருடைய லாரியில் சம்பள டிரைவராக உட்கார்ந்திருந்தான். நான் போய் என்னத்தையோ உளறி மன்னிப்புக் கேட்டேன்.

"சாவுக்கு வந்தது தப்பில்லீங்க," என்றான். "மருதாசலத்துக்கு நான் வந்துதான் ஆகோணும். ஆனா அத்தன பேத்துக்கு முன்னால, நீயெல்லாம் மனுசனான்னு கேட்டீங்களே. அதத்தானுங்க மறக்க முடியல." கேட் திறந்தது. கியரைப் போட்டுப் போய்விட்டான்.

இப்போது ஸ்டாண்டு நடத்துகிற தம்பிகளுக்குச் சொல்கிறேன். பொது இடத்தில் நமக்கு உரிமை உண்டுதான், ஆனால் அங்கே நின்று காட்டினால்தான் உண்டு. எந்தச் சாவானாலும் ஒரு வண்டியை நிறுத்திவிட்டுப் போங்கள். மருதாசலமே உயிரோடு இருந்திருந்தால் அதைத்தான் சொல்லியிருப்பார். எங்கள் அத்தனை பேரில் அது ஒருவனுக்குத்தான் புரிந்தது. அவன் நிற்கிறேன் என்றான், நான்தான் விடவில்லை.