டேங்குக்குள் போகவிருந்த லிப்போபெப்டைட்

லிப்போபெப்டைட் என்ற வார்த்தையை எங்கள் வீட்டில் முதலில் உச்சரித்தது நான் இல்லை, அப்பா. பயோகெமிஸ்ட்ரியில் முதுகலை முடித்துவிட்டு, ஒரத்தநாட்டுப் பக்கம் இருக்கும் எங்கள் ஊரில் உட்கார்ந்து வேலைக்கு விண்ணப்பம் போட்டுக்கொண்டிருப்பவள் நான். பத்தாவதோடு படிப்பை நிறுத்தியவர் அவர். பூச்சிமருந்துக் கடையிலிருந்து வந்து பைக்கை நிறுத்தி, பையிலிருந்து ஒரு வெள்ளை பாட்டிலை எடுத்து டிவி பக்கத்தில் வைத்து, "லிப்போபெப்டைடாம், புதுசா வந்துருக்கு" என்றார். ஒரு எழுத்துகூடத் தடுமாறவில்லை. அதுதான் எனக்கு முதல் சந்தேகம். இவ்வளவு சரளமாக அவர் வாயில் வருகிறது என்றால், அவரிடம் யாரோ அதைத் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறார்கள். ஒன்றை விற்கிறவனைத் தவிர வேறு யார் அப்படிச் சொல்வார்கள்?

வார்த்தை பொய் இல்லை. அமினோ அமிலங்கள் பாசிமணி மாதிரி வரிசையாகக் கோத்து நின்றால் பெப்டைட். அதன் ஒரு முனையில் ஒரு கொழுப்பு வாலை ஒட்டிவிட்டால் லிப்போபெப்டைட். அவ்வளவுதான். தலைக்குத் தண்ணீர் பிடிக்கும், வாலுக்குப் பிடிக்காது. அதனால் சோப்பு மாதிரி நடந்துகொள்ளும், கிருமியின் மேல்தோலில் போய்ச் செருகிக்கொண்டு ஓட்டை போடும். பரீட்சையில் இரண்டு மார்க் கேள்வி. நான் எழுதி வாங்கியிருக்கிறேன்.

பிரச்சினை என்னவென்றால், இந்த வார்த்தை போகிற இடமெல்லாம் வேறு வேறு சட்டை போட்டுக்கொள்கிறது. பெரியப்பா தஞ்சாவூரில் ஐசியூவில் கிடந்தபோது, வேறு எந்த மருந்துக்கும் அடங்காத கிருமிக்கு என்று டாக்டர் எழுதிய ஊசி ஒரு லிப்போபெப்டைட். கூத்தாநல்லூரில் இருக்கும் என் காலேஜ் தோழிக்கு அவள் வீட்டுக்காரர் துபாயிலிருந்து அனுப்பும் முகக் க்ரீமிலும் அதேதான். சின்ன பெப்டைடுக்கு லேபில் கொழுப்பு வால் ஒட்டியிருப்பார்கள், தோலுக்குள் இறங்கட்டும் என்று. சுருக்கம் போகுமாம். அவளுக்கு இன்னும் ஒரு சுருக்கமும் வரவில்லை, போவதற்கு. இப்போது அதே வார்த்தை, நெல்வயலுக்கு அடிக்க, எங்கள் வீட்டு டிவி பக்கத்தில். ஆஸ்பத்திரிச் சரக்கை வயலில் ஊற்றுகிறார்களா, இல்லை வெறும் பேரை ஒட்டி வெல்லத் தண்ணீரை விற்கிறார்களா? இரண்டில் ஒன்று என்று முடிவே கட்டிவிட்டேன்.

இதில் எனக்கென்ன வந்தது என்றால், வயல். அப்பா குத்தகைக்குச் செய்கிற நிலம் அது. போன சம்பா மழையில் மூழ்கி அழுகியது. இந்தத் தடவையும் போனால் நிலத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டு ஒதுங்கிவிடுவேன் என்று அம்மாவிடம் சொல்லியிருந்தார். அவர் சும்மா சொல்கிற ஆள் இல்லை. பயிர் சூல் கட்டி நின்ற நேரத்தில்தான் இலையில் புள்ளி வந்தது. இரண்டு முனையும் கூராக, நடுவில் சாம்பலாக, கண் மாதிரி. குலைநோய். அது இலையோடு நின்றால் பிழைத்தோம். கதிர் வெளியே வரும்போது கழுத்தில் ஏறினால் கதிர் நிற்கும், உள்ளே மணி இருக்காது.

எங்கள் பக்கத்தில் இதற்கெல்லாம் ஒரு நடைமுறை உண்டு. நோய் வந்த பயிரில் ஒன்றைப் பிடுங்கிச் சட்டைப் பையில் செருகிக்கொண்டு மருந்துக் கடைக்குப் போவார்கள். கடைக்கார பாய் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றி அதைத் திருப்பித் திருப்பிப் பார்ப்பார். பிறகு ஒரு 'செட்' கட்டிக் கொடுப்பார். அந்த வருஷச் செட்டில் இந்த லிப்போபெப்டைட் பாட்டில், இலைக்கருகலுக்கு ஒரு ஆன்டிபயாடிக் பொடி, ஒரு டானிக். மூன்றையும் ஒன்றாகக் கலந்து ஒரே அடியாக அடித்துவிட வேண்டும். இப்போது ட்ரோன் வேறு வந்துவிட்டதா, ஒரு வாய்க்காலில் தண்ணீர் பாய்கிற வயல்காரர்கள் எல்லாரும் சேர்ந்து ஒரே நாளில் வரவழைத்து, ஒரே டேங்கில் எல்லாருடைய செட்டையும் கொட்டிப் பறக்கவிடுகிறார்கள். எங்கள் வாய்க்காலுக்கு அதை ஏற்பாடு செய்கிறவர் சித்தப்பா. அப்பாவின் பங்காளி. எங்கள் வயலை ஒட்டி அவர் வயல்.

நான் முதலில் பாட்டிலைச் சோதித்தேன். நெல் இலையில் தண்ணீர் ஒட்டாது, முத்து மாதிரி உருண்டு ஓடிவிடும். லிப்போபெப்டைட் உண்மையிலேயே இருந்தால் சொட்டு உருளாமல் பரவிப் படுத்துவிட வேண்டும். லேபில் இதே வேலையைப் பிளாஸ்டிக் தட்டில் செய்திருக்கிறேன். அப்பாவை வரப்பில் நிறுத்தி, இலையில் பச்சைத் தண்ணீர் ஒரு சொட்டு விட்டேன். உருண்டது. பாட்டிலில் இருந்ததைக் கலக்கி ஒரு சொட்டு விட்டேன். அப்படியே படுத்துவிட்டது. அப்பா முகத்தில் வெளிச்சம். எனக்குப் பிடிக்கவில்லை. வீட்டுக்குப் போய்ப் பாத்திரம் கழுவும் திரவத்தைக் கரைத்து எடுத்துவந்து அதையும் ஒரு சொட்டு விட்டேன். அதுவும் படுத்தது.

"அப்ப பாத்திரம் கழுவுறதையே வாங்கி அடிச்சிடலாங்கிற" என்றார் அப்பா.

அவர் கிண்டல் செய்தாலும் பாயிண்ட் அதுதான். யாராவது உள்ளே கொஞ்சம் சோப்பை ஊற்றி மூடியிருந்தாலும் இந்தச் சோதனையில் பாஸாகிவிடும். ஆக, நான் கண்டுபிடித்தது ஒன்றுமில்லை. சந்தேகம் மட்டும் இரண்டு மடங்கு ஆனது.

மறுநாள் காலை செட்டை எடுத்துக்கொண்டு கடைக்குப் போனோம். கம்பெனி ஏஜென்ட் வருகிற நாள் அது. டை கட்டிய, என் வயசு ஆள். பாய் என்னைப் பார்த்ததும் அப்பாவிடம், "உங்க பொண்ணு நம்மள உள்ள தள்ளாம விடாது போலிருக்கே" என்று சிரித்தார். நான் சிரிக்கவில்லை. ஏஜென்ட் பொய் சொல்லப்போகிறான், பிடித்து உலுக்க வேண்டும் என்று தயாராக வந்திருந்தேன். பாட்டிலுக்குள் லிப்போபெப்டைட் எவ்வளவு இருக்கிறது, யார் செய்தது, எப்படிப் பிரித்து எடுத்தீர்கள் என்று அடுக்கினேன்.

அவன் பொய்யே சொல்லவில்லை. மண்ணில் இருக்கிற ஒரு பாக்டீரியாவை வளர்த்து அப்படியே அடைத்திருக்கிறோம், உறங்குகிற நிலையில், விதை மாதிரி உள்ளே கிடக்கிறது என்றான். "லிப்போபெப்டைட் பாட்டில்ல கொஞ்சந்தான் மேடம் இருக்கும். இலையில போய் முழிச்சிக்கிட்டு அதுவே செஞ்சுக்கும். உயிரோட இருக்குல்ல" என்றான், பெருமையாக.

எனக்கு அங்கேதான் பொறி தட்டியது. என் புத்தகத்தில் அந்த வார்த்தைக்கு அர்த்தம் ஒரு பொருள். இந்த பாட்டிலின் மேல் அதற்கு அர்த்தம் ஒரு வாக்குறுதி. உள்ளே இருப்பது அந்தப் பொருள் இல்லை, அதைச் செய்யப்போகிற ஆள். ஆள் உயிரோடு இருந்தால்தான் வேலை நடக்கும். செட்டிலிருந்த பொடிப் பாக்கெட்டை எடுத்து அவன் முன்னால் வைத்தேன்.

"இதுக்கு என்ன வேலை?"

"இலைக்கருகலுக்கு மேடம். பாக்டீரியாவ கொன்னுடும்."

சொல்லி முடித்த பிறகுதான் அவனுக்கே உறைத்தது. பாய் எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். உறங்குகிறது ஒருவேளை பொடியைத் தாக்குப்பிடிக்கும், ஆனால் இலையில் கண் விழிக்கும்போது எமன் பக்கத்திலேயே உட்கார்ந்திருப்பான் என்று சொன்னேன்.

"கலந்தா ஒண்ணும் ஆகாதுன்னு நீதானய்யா சொன்ன" என்றார் பாய் ஏஜென்டிடம்.

"திரியாதுன்னுதாங்க சொன்னேன்" என்றான் அவன்.

அது எனக்குப் புதிது. கடைக்காரர்கள் கலக்கலாமா கூடாதா என்று எப்படி முடிவு செய்கிறார்கள் தெரியுமா? ஒரு கண்ணாடி டம்ளரில் எல்லாவற்றையும் கொஞ்சம் கொஞ்சம் ஊற்றிக் கலக்கி வைப்பார்கள். பால் மாதிரி திரியவில்லை, அடியில் தங்கவில்லை, ஸ்பிரேயர் நாசிலை அடைக்காது என்றால் கலக்கலாம். ரசாயன மருந்துகளையே காலமெல்லாம் விற்றவர்களுக்கு அது போதுமான சோதனைதான். ஆனால் செத்த பாக்டீரியா திரியாது. டம்ளர் தெளிவாகத்தான் இருக்கும். பாய் எத்தனையோ பேருக்கு அதே செட்டைக் கட்டிக் கொடுத்திருந்தார். அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே இருந்தார், வெகுநேரம்.

பிறகு எங்கள் செட்டிலிருந்த பொடியைத் திரும்ப எடுத்துக்கொண்டார். ட்ரோன் மறுநாள் காலையில் வரவிருந்தது.

அன்று சாயங்காலம் சித்தப்பா வீட்டுக்கு வந்தார். எங்கள் வயலை விட்டுவிட்டுப் பறக்கச் சொல்லப்போவதாக அப்பா அதற்குள் போனில் சொல்லியிருந்தார். சித்தப்பாவுக்கு அது அவமானம். வாய்க்காலில் ஒருவர் விலகினால் அடுத்த தடவை நான்கு பேர் விலகுவார்கள். நான் விளக்கினேன். அவர் தலையை ஆட்டி ஆட்டிக் கேட்டார், ஒரு வார்த்தையும் நம்பவில்லை. நான் ஏஜென்டை எப்படிப் பார்த்தேனோ, அப்படியே என்னைப் பார்த்தார்.

"டாக்டரம்மா, ஒண்ணு கேக்கறேன். அது குலைநோய்தானா, கருகலா? நீ நெல்லப் பத்தியா படிச்ச?"

நான் படிக்கவில்லை. பெப்டைடைப் பற்றிப் படித்தேன். நெல் நோய் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் போனில் பார்த்த படங்களும் வேளாண் அலுவலகச் சுவரொட்டியும்தான். கருகல் என்றால் இலை நுனியிலிருந்து ஓரமாகக் காய்ந்து இறங்கும், இது கண் மாதிரி இருக்கிறது என்றேன். குரல் உறுதியாகத்தான் வந்தது. உள்ளே சந்தேகம் ஆளையே மாற்றிக்கொண்டுவிட்டது. இவ்வளவு நேரம் பாட்டிலை, ஏஜென்டை, பாயைச் சந்தேகப்பட்டேன். பொடி அடித்தே தீரவேண்டிய வயலில் பொடியைத் திருப்பிக் கொடுக்க வைத்திருந்தால்? அந்த நிலம் அப்பா கையை விட்டுப் போவதற்கு நான்தான் காரணம் என்று ஆகும்.

அப்பா என் பக்கமும் பேசவில்லை, அவர் பக்கமும் பேசவில்லை. "தனியா அடிச்சுப் பாக்கறேன்" என்றார். சித்தப்பா டீயைக் குடிக்காமல் எழுந்து போனார்.

மறுநாள் காலை ட்ரோன் எங்கள் வயலை மட்டும் தாண்டித் தாண்டிப் பறந்தது. ஊரே வரப்பில் நின்று பார்த்தது. வெயில் தாழ்ந்த பிறகு அப்பா பேட்டரி ஸ்பிரேயரை முதுகில் மாட்டிக்கொண்டு பாட்டில் சரக்கை மட்டும் அடித்தார். வெயிலில் அடித்தால் செத்துவிடும் என்று நான் சொல்லியிருந்தேன். அதுவும் எனக்கு முழுசாகத் தெரிந்து சொன்னதில்லை, ஏஜென்ட் சொன்னதை வாங்கிச் சொன்னது.

அடுத்து வந்த நாட்களில் காலையில் பல் விளக்குவதற்கு முன்னால் வயலுக்குப் போய்விடுவேன். பழைய புள்ளி பெருத்திருக்கிறதா, மேல் இலைக்கு ஏறியிருக்கிறதா. பழைய புள்ளிகள் அப்படியே காய்ந்தன. மேல் இலை சுத்தமாக இருந்தது. அதையும் நான் நம்பவில்லை. ஏனென்றால் அடித்த கையோடு மழை விட்டு, பனி குறைந்து, வறண்ட காற்று அடிக்க ஆரம்பித்திருந்தது. குலைநோய்க்கு ஈரம் இல்லாவிட்டால் வேலை இல்லை.

கதிர் வந்தது. வாய்க்கால் ஓரத்துப் பள்ளத்தில் கொஞ்சம் கழுத்து கறுத்துச் சாய்ந்தது, மிச்சமெல்லாம் பால் பிடித்துத் தலை குனிந்தது. சித்தப்பா வயலும் அதே மாதிரிதான், நன்றாகவே வந்தது. அவருடையதில் எல்லாம் கலந்து அடித்தது. எங்களுடையதில் தனியாக அடித்தது. இரண்டையும் காப்பாற்றியது காற்றா, பாட்டிலா என்று சொல்ல என்னிடம் ஒரு ஆதாரமும் இல்லை.

அப்பாவுக்கு அந்தக் கவலையே இல்லை. அறுப்பு மிஷின் இறங்கிய அன்று வரப்பில் நின்று போகிற வருகிறவரிடமெல்லாம் லிப்போபெப்டைட் என்றார். தனியா அடிக்கணும், சாயங்காலம் அடிக்கணும், அது உயிருள்ள சரக்கு என்றார். இரண்டு பேர் பாட்டிலின் பேரைத் தங்கள் போனில் பதிவு செய்துகொண்டார்கள். ஏஜென்ட் செய்த வேலையை இப்போது அப்பா செய்துகொண்டிருந்தார், அதைவிட நன்றாக. அடுத்த சம்பாவுக்கும் இதையே அடிக்கப்போகிறேன் என்று அவர் சொன்னபோதுதான், நிலத்தைத் திருப்பிக் கொடுக்கும் பேச்சு முடிந்துவிட்டது என்று எனக்குப் புரிந்தது.

சந்தோஷமாக இருந்தது. வாயைச் சும்மா வைத்திருக்க முடியவில்லை. மருந்துதான் காப்பாற்றியது என்று தெரிய வேண்டுமானால், அடுத்த தடவை ஒரு மூலையை மருந்தடிக்காமல் விடவேண்டும், அது கெட்டு மற்றது பிழைத்தால்தான் நம்புவேன் என்றேன்.

அப்பா மிஷினையே பார்த்துக்கொண்டிருந்தார். "எந்த மூலையச் சாக விடச் சொல்ற?"

இந்தக் கேள்வி லேபில் வராது. அங்கே மருந்து போடாத தட்டு ஒன்று எப்போதும் இருக்கும், அதற்காக யாரும் வருத்தப்பட்டதில்லை. வயலை ஒரு சுற்று பார்த்தேன். மேட்டுப் பக்கம் நல்ல விளைச்சல், சொல்ல மனசு வரவில்லை. ரோட்டுப் பக்கம் ஊர் பார்க்கும்.

"வாய்க்கா ஓரம்" என்றேன். "அது எப்படியும் பள்ளம்."

"பள்ளத்துல நோவு எப்படியும் வரும். அப்ப அத வச்சு என்னத்த தெரிஞ்சுக்குவ?"

மிஷின் திரும்பி எங்கள் பக்கம் வந்தது, தூசி பறந்தது, இருவரும் வரப்பில் பின்னால் நகர்ந்தோம். மேட்டு மூலை என்று சொன்னேன். அப்பா காதில் விழுந்ததா தெரியவில்லை. முகத்தைத் துண்டால் துடைத்துக்கொண்டு, "அப்ப அது உன் பங்கு. கெட்டா நீதான் நின்னு அறுக்கணும்" என்றார்.