பொடக்காளிக் கதவு

எங்கள் சமையலறையிலிருந்து வீட்டின் பின்புறம் பொடக்காளிக்குப் போகும் கதவு திறந்தபடி நிற்காது. சுவரோடு ஒட்டத் தள்ளிவிட்டு நான்கு எட்டு வைப்பதற்குள் முதுகுக்குப் பின்னால் முனகிக்கொண்டே திரும்பி வரும். முதலில் மெதுவாக வரும். பாதி வழிக்கு மேல் வேகம் பிடித்து நிலைச்சட்டத்தில் போய் அறையும். அந்த அறையில் மேலே பரணில் இருக்கும் அண்டா அதிரும்.

பாத்திரம் துலக்கும் கல்லும் தண்ணீர்த் தொட்டியும் பொடக்காளியில்தான் இருந்தன. ஒரு நாளைக்கு இருபது முறையாவது இரண்டு கையிலும் சாமானோடு அந்தக் கதவைத் தாண்டுவேன். போகும்போது இடுப்பால் இடித்துத் திறப்பேன். வரும்போது கால் விரலால் கதவின் அடியைக் கவ்வி இழுப்பேன். இதெல்லாம் எனக்குப் பெரிதில்லை. கதவு சாத்திக்கொண்டால் உள்ளே இருட்டு, விறகு அடுப்பு, தவழ்கிற குழந்தை. வெளியே கரிக்கையோடு நான். அதுதான் எனக்குப் பெரிது. மகள் அப்போது சுவரையும் நிலையையும் பிடித்துக்கொண்டு எழுந்து நிற்கப் பழகிக்கொண்டிருந்தாள். அவள் பிடித்து நிற்க மிகவும் விரும்பிய இடம் அந்த நிலைதான்.

நான் சேலத்தில் அஸ்தம்பட்டியில் வளர்ந்தவள். எஸ்.எஸ்.எல்.சி. முடித்தவள். எருமப்பட்டிப் பக்கம் இந்த வீட்டுக்கு வாழ வந்தபோது அந்தச் சமையலறை கட்டி ஒரு வருடம்தான் ஆகியிருந்தது. மாமனார் முன்னே நின்று கட்டியது. நிலை வைக்கக் குறித்த நல்ல நேரம் முடியப் போகிறது, கொத்தனாரோ சாய்வு பார்க்கும் தூக்குக்குண்டை எடுத்து வரப் போனவர் திரும்பவில்லை. நேரம் தப்பக் கூடாது என்று மாமனாரும் ஆட்களுமாக நிலையைத் தூக்கி நிறுத்தி, மஞ்சள் குங்குமம் வைத்து, தேங்காய் உடைத்துவிட்டார்கள். கொத்தனார் வந்து பார்த்துவிட்டு, சாய்ந்திருக்கிறது, பிரித்து வைக்கலாம் என்றாராம். பூசை போட்ட நிலையைப் பிரிப்பதா என்று மாமனார் அவரை வாயடைக்க வைத்துவிட்டாராம். மாமியார் இதை என்னிடம் பெருமையாகத்தான் சொன்னார்.

மகள் பிறந்த மூன்றாம் மாதம் மாமனார் இறந்துபோனார். ஆகவே கதவைப் பற்றி நான் முதன்முதலில் வாய் திறந்தபோதே பதில் தயாராக இருந்தது. அதைச் சரிசெய்ய நிலையைப் பிரிக்க வேண்டும். இழவு விழுந்த வீட்டில் வருடம் திரும்பாமல் நிலையைப் பிரிக்கக் கூடாது. என் கணவர் சொன்னார், மாமியார் சொன்னார், பக்கத்துக் காட்டில் வெள்ளாமை செய்பவர் ஒருவர்கூடச் சொன்னார். நானும் நம்பினேன். இதை எழுதும்போது எனக்கு என் மேலேயே எரிச்சல் வருகிறது. ஒரு கொக்கியாவது போட்டுத் தாருங்கள் என்று கணவரிடம் கேட்டேன். ஞாயிற்றுக்கிழமை ஆகட்டும் என்றார். எத்தனை ஞாயிற்றுக்கிழமைகள். நானே கயிறு கட்டி ஆணியடித்துப் பார்த்தேன். மண் சுவரில் ஆணி இரண்டு நாள்தான் நின்றது.

என் கணவர் யார் என்பதைச் சொல்ல வேண்டும். நாமக்கல்லில் லாரிக்குப் பாடி கட்டும் பட்டறையில் மர வேலை. கதவு மாட்டுவதில் அவரை அடிக்க ஆளில்லை என்று கரூர் வரைக்கும் பேச்சு. காலையில் பஸ் ஏறிப் போய் ஊரார் லாரிக்கெல்லாம் கதவு மாட்டிவிட்டு வந்து, இந்த வீட்டுக் கதவைத் தோளால் தள்ளிக்கொண்டு கை கழுவப் போவார்.

ஒரு நாள் பள்ளிக்கூடத்தில் படித்தது நினைவு வந்து, நூலின் ஒரு முனையில் பூட்டைக் கட்டி, கீல் இருக்கும் பக்கம் நிலையின் மேலே இருந்து தொங்கவிட்டுப் பார்த்தேன். மேலே நூல் சட்டத்தை ஒட்டி நின்றது. கீழே வர வர இடைவெளி. அடியில் என் சுண்டுவிரல் நுழைந்தது. மேல்பக்கம் வாசலுக்குள் சாய்ந்திருக்கிறது, அதனால்தான் கதவு தானாக மூடுகிறது என்று அவரிடம் காட்டினேன். அவர் சிரித்தார். அடுத்த ஒரு மாதம் எனக்கு 'எஞ்சினீரு' என்று பெயர். சோறு போட்டால், "எஞ்சினீரம்மா, கொளம்பு நேரா ஊத்தறீங்களா, சாஞ்சு ஊத்தறீங்களா" என்பார். நானும் சிரித்துத் தொலைத்தேன்.

மாமியாரின் கேலி வேறு மாதிரி. "இத்தனை படிச்ச புள்ளைக்கு ஒரு கதவப் பாத்து என்ன பயம் அம்மிணி? நானும் அஞ்சு பெத்து வளத்தேன். ஒருத்தனுக்கும் வெரலு போவல" என்பார். அவர் ஐந்து பெற்று வளர்த்தபோது இந்தக் கதவே இல்லை. அதை நான் மனதுக்குள் எத்தனை முறை சொல்லியிருப்பேன். வாயால் ஒரு முறையும் சொன்னதில்லை.

கடைசியில் அம்மிக் குழவியை உருட்டிக் கொண்டுவந்து கதவுக்கு முட்டுக் கொடுத்தேன். அது ஒன்றுதான் குழந்தையால் அசைக்க முடியாதது. மாமியாருக்கு அது பொறுக்கவில்லை. அம்மியையும் குழவியையும் பிரித்துப் போடுவது வீட்டுக்கு ஆகாது, அதுவும் கால் படுகிற இடத்தில். நான் வைப்பேன், அவர் எடுத்துக் கழுவி அம்மி மேல் ஏற்றுவார். நான் திரும்ப உருட்டுவேன். இதற்காக நாங்கள் ஒரு சண்டையும் போட்டதில்லை. சண்டை போட்டிருக்க வேண்டும்.

அன்று காலை நான் தொட்டியடியில் இட்லித் தட்டுகளைத் துலக்கிக்கொண்டிருந்தேன். மாமியார் சட்டினி அரைக்கக் குழவியை எடுத்துப் போயிருக்கிறார். கதவு நகரும் முனகல் கேட்டது. திரும்பினேன். மகள் நிலையைப் பிடித்துக்கொண்டு என்னைப் பார்த்துச் சிரித்துக்கொண்டு நின்றாள். எனக்கும் அவளுக்கும் நடுவே ஆறு எட்டு. நான் எழுந்துவிட்டேன், ஓடவும் செய்தேன். ஐந்தாவது எட்டில் கதவு அறைந்தது.

வலது கை ஆள்காட்டி விரல். அந்த நகத்தை நான் இங்கே எழுதப் போவதில்லை.

மாமியார் ஓடி வந்தார். முதலில் கேட்டது, "நீ எங்க போயிருந்தே?"

நான் எங்கே போயிருப்பேன்? ஏற்காட்டுக்கா? அந்த வீட்டில் எச்சில் தட்டு கழுவாமல் நான் போன இடம் எது? இதெல்லாம் மனதுக்குள்தான். ஈரத்துணியைச் சுற்றிக் குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு நாமக்கல் பஸ் ஏறினேன். வழியெல்லாம் ஒரே கணக்குதான் மனதில் ஓடியது. குழவி இருக்கிறதா என்று ஒரு முறை திரும்பிப் பார்த்திருக்கலாம். குழந்தையை வெளியே என் பக்கத்தில் உட்காரவைத்திருக்கலாம். வெளியே வைத்தால் தொட்டி. உள்ளே வைத்தால் அடுப்பு. எங்கே வைத்திருந்தாலும் 'நீ எங்க போயிருந்தே' என்ற கேள்வி எனக்குத்தான் வந்திருக்கும்.

எலும்புக்கு ஒன்றுமில்லை, நகம் விழுந்து முளைக்கும் என்று டாக்டர் கட்டுப் போட்டு அனுப்பினார். அங்கிருந்து நேரே பட்டறைக்குப் போனேன். அவர் விரல்கட்டைப் பார்த்ததும் முகம் வெளுத்துப்போய்க் குழந்தையை வாங்கிக்கொண்டார். அதை நான் மறைக்க விரும்பவில்லை. பிறகு அவரும் கேட்டார், நீ பார்த்துக்கொள்ளவில்லையா என்று.

லாரிக்காரர் ஒருவர் அவசரமாக நின்றுகொண்டிருந்தார். கொஞ்சம் உட்காரு, முடித்துவிட்டு வருகிறேன் என்று குழந்தையை என்னிடம் தந்துவிட்டுப் போனார். நான் ஒரு மரத்துண்டின் மேல் உட்கார்ந்தேன். எதிரே அந்த லாரியின் கேபின் கதவு. என் கணவர் அதைத் திறந்துவிட்டார், அது தானாகத் திரும்பி வந்து மூடிக்கொண்டது. இரண்டு முறை அப்படிப் பார்த்தார். கீழ்க்கீலின் திருகுகளைத் தளர்த்தினார். தரையில் கிடந்த பழைய டயர் டியூபில் ஒரு துண்டு வெட்டி மடித்துக் கீலுக்குப் பின்னால் செருகினார். முடுக்கினார். கதவைத் திறந்துவிட்டார். விட்ட இடத்தில் நின்றது.

"அவ்வளவுதானுங்களா?" என்றேன்.

"அவ்வளவுதான். கீழ்க்கீலை அரை வெரல்கட நவுத்துனா நின்னுக்கும்." வேலை தெரிந்தவனின் சந்தோஷத்தோடு சொன்னார். சொல்லும்போதுகூட அவருக்கு ஒன்றும் தோன்றவில்லை.

நம் வீட்டுக் கதவுக்கும் இப்படிச் செய்யலாமா என்று கேட்டேன். அது வேறு, அதற்கு நிலையைப் பிரிக்க வேண்டும் என்றார். லாரிக்காரர் நிற்கிறார் என்று சொல்லிக்கொண்டே அடுத்த கதவுக்குப் போனார். லாரிக்காரர் நின்றார், உடனே ஆயிற்று. நானும்தான் நின்றேன், எத்தனை மாதம். குனிந்து அந்த டியூபில் மிச்சமிருந்ததை எடுத்துப் பைக்குள், மருந்துச் சீட்டுக்குப் பக்கத்தில் போட்டுக்கொண்டேன்.

மறுநாள் மாமியார் காட்டு வேலைக்குப் போனபின், குழந்தையைத் தூளியில் போட்டுவிட்டு ஆரம்பித்தேன். வீட்டில் ஒரு பழைய திருப்புளி இருந்தது. திருகுகள் துருப்பிடித்திருந்தன. தேங்காயெண்ணெய் விட்டு, அசையும் வரை திருப்பிக்கொண்டே இருந்தேன். கதவு தொங்கிவிடாமல் அடியில் தோசைக்கரண்டியை முட்டுக் கொடுத்தேன். ஒரு மடிப்பு வைத்துப் பார்த்தேன். கதவு வந்தது, ஆனால் மெதுவாக. இரண்டு மடிப்பு வைத்தேன். பாதியில் நின்று யோசித்துவிட்டு வந்தது. மூன்று மடிப்பு. கதவு நின்றது.

நம்பவில்லை. இன்னொரு முறை. இன்னும் பத்து முறை. கதவைச் சுவரோரம் விட்டுவிட்டு, தொட்டி வரைக்கும் போய்த் திரும்பிப் பார்த்தேன். உள்ளே தூளி தெரிந்தது, அடுப்பு தெரிந்தது.

கால் மணி நேரம். அவ்வளவே. எனக்கு நிம்மதி வரவில்லை. வந்தது கோபம், தலைக்குள் கொதிக்கிற கோபம். பூசை போட்ட நிலை, வருடம் திரும்பாத வீடு, ஞாயிற்றுக்கிழமை, இவ்வளவையும் ஒரு டியூப் துண்டு தாண்டிவிட்டது. நிலையை யாரும் தொடவே வேண்டியிருக்கவில்லை. கோபத்தில் பாதி என் மேல். நூல் கட்டி அந்த இடைவெளியை அளந்தவள் நான். அதில் என் விரலையே விட்டுப் பார்த்தவள். அதை அடைக்கலாம் என்று எனக்கு ஏன் தோன்றவில்லை? பெரியவர்கள் முடியாது என்று சொன்னால் என் படிப்பும் அங்கேயே உட்கார்ந்துகொண்டது.

இரண்டு நாள் கழித்துப் பக்கத்து வீட்டுக்காரம்மா குழந்தையைப் பார்க்க வந்தார். கதவு நிற்பதைக் கவனித்துவிட்டுக் கேட்டார். மாமியார் சொன்னார், "எம் பையன் செரி பண்ணிப்போட்டான். புள்ளைக்கு அடிபட்டதும் அவனுக்கு மனசு கேக்கல."

நான் காப்பி ஆற்றிக்கொண்டிருந்தேன். அந்தத் துண்டை உருவி எறிந்துவிட வேண்டும் என்று தோன்றியது. மறுபடியும் அறையட்டும், பையன் வந்து செய்யட்டும். திருப்புளி இருந்த மாடத்தைக்கூடப் பார்த்தேன். ஆனால் கட்டுப்போட்ட விரலைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு மகள் அதே நிலையைப் பற்றி எழுந்துகொண்டிருந்தாள். காப்பியைக் கொண்டுபோய்க் கொடுத்தேன்.

அன்று சாயங்காலம் மாமியார் என் கணவரிடமே கதவைப் புகழ்ந்தார். இரண்டு நாளாக அதன் வழியே போய்வந்தும் கவனிக்காத அவர் விழித்தார். போய்க் கதவை ஆட்டிப் பார்த்தார், உட்கார்ந்து கீலைப் பார்த்தார். இது யார் வேலை என்றார்.

"நாந்தானுங்க."

சிரிப்பார் என்று நினைத்தேன். சிரிக்கவில்லை. சிரித்திருந்தால் தேவலை. கதவைச் சாத்தித் திறந்து, "கீழ உரசுது பாரு. ரப்பரு மழைக்கு ஊறிப்போயிரும். கட்டை சீவி வெச்சு மொறையாப் பண்ணோணும். இன்னைக்குக் கழட்டி வெக்கறேன், நாளைக்குக் கட்டை கொண்டாரேன்" என்று திருப்புளியை எடுத்துக்கொண்டு மண்டியிட்டார்.

அவருடைய நாளை எனக்குத் தெரியும்.

"அதுல கை வெக்காதீங்க."

என் குரல் உயரவில்லை. ஆனால் அந்த வீட்டில் நான் அப்படிப் பேசியதில்லை. அவர் திருகில் வைத்த திருப்புளியோடு நிமிர்ந்து பார்த்தார்.

"கதவு நிக்குதுங்க. நிக்கட்டும். கட்டை உங்க கையில வந்து சேந்த அன்னைக்குக் கழட்டுங்க."

ஆம்பளையிடம் பேசுகிற பேச்சா இது என்று மாமியார் முணுமுணுத்தார். நான் அவரைப் பார்க்கவில்லை, திருப்புளியையே பார்த்துக்கொண்டு நின்றேன். என் கணவர் எழுந்து திருப்புளியை மாடத்தில் வைத்துவிட்டுக் கை கழுவப் போனார். கதவைத் தள்ள வேண்டியிருக்கவில்லை. திறந்துதான் இருந்தது.

இரண்டு வாரம் யாரும் என்னோடு சரியாகப் பேசவில்லை. அதிகமாகப் பேசிவிட்டேனோ என்று அந்த இரண்டு வாரமும் மருகினேன். ஆனால் கதவை யாரும் தொடவில்லை. கட்டையும் வரவில்லை. வருடம் திரும்பியது, திதி கொடுத்தார்கள், நிலையைப் பிரிப்பது பற்றி ஒருவரும் பேச்செடுக்கவில்லை. டியூப் இரண்டு முறை நைந்து, இரண்டு முறையும் நான்தான் மாற்றினேன்.

மகள் இப்போது ஒன்றாம் வகுப்பு. நகம் முளைத்துவிட்டது, நடுவில் ஒரு கோடு விழுந்து, கொஞ்சம் கோணலாக. அந்த விரலால்தான் பலப்பத்தைப் பிடிக்கிறாள். போன வாரம் எழுதிக்கொண்டே இருந்தவள், இந்த நகம் மட்டும் ஏன் இப்படி என்று கேட்டாள். கதவில் நசுங்கியது என்றேன். எந்தக் கதவு என்றாள். காட்டினேன்.

அவள் எழுந்து போய்க் கதவைப் பிடித்து முன்னும் பின்னும் ஆட்டினாள். ஒவ்வொரு முறையும் விட்ட இடத்தில் அது நின்றது.

"இதாம்மா? இது சும்மா நிக்குது. நீ பாத்திருந்தா நசுங்கியிருக்காது."

துலக்க வேண்டிய பாத்திரம் கையில் இருந்தது. இறக்கி வைத்தேன். மாடத்திலிருந்து திருப்புளியை எடுத்து, டியூப் துண்டு செருகிய கீழ்க்கீலுக்கு எதிரில் அவளை உட்காரவைத்தேன்.