மொட்டை மாடிச் சாக்குகள்

நடந்தது வரிசையாக:

1. நோன்பு தொடங்க மூன்று வாரம் இருக்கையில், மொட்டை மாடியில் பாய் விரித்து உட்கார்ந்திருந்த அம்மாவின் சாயா கிளாஸுக்குள் ஒரு கரப்பான் விழுந்தது.
2. அம்மா பாயைச் சுருட்டிக் கீழே கொண்டுபோய்விட்டார்.
3. நான் மழைநீர்க் குழாயைச் சுற்றி மருந்து அடித்தேன். பயனில்லை.
4. அதே இடத்தில் விஷப் பசையும் வைத்தேன். மருந்து வாடைக்கு ஒரு கரப்பான்கூடப் பசையை அண்டவில்லை. பொறியியல் படித்தவள் யோசித்திருக்க வேண்டும்.

எங்கள் வீட்டில் இரண்டே அறைகள். நோன்பு திறக்க அண்ணன் குடும்பமும் கீழ்வீட்டு மலையாளச் சேச்சியும் ஒன்றாக உட்கார மாடியை விட்டால் இடமில்லை.

"இந்த வருஷம் அவங்கவங்க வீட்லயே தெறந்துக்கட்டும்," என்றார் அம்மா.

"அப்போ எனக்குக் கஞ்சி ஆரு தரும்?" என்றார் சேச்சி. "நோன்பு வெக்காதவளுக்கில்லே பசி கூடுதல்?"

அம்மா சிரிக்கவில்லை. அதுதான் என்னை உறுத்தியது.

ஐந்து ஒட்டுப்பொறிகளில் எண் எழுதி, மாடியில் ஐந்து இடங்களில் வைத்தேன். மறுநாள் காலை நான்காவதில் மட்டும் ஒட்ட இடமில்லை. அது நாங்கள் அத்தா என்று கூப்பிடும் அப்பாவின் சாக்குகளுக்குப் பக்கத்தில் இருந்தது.

அத்தா கொச்சங்காடியில் சுக்குக் கிடங்கில் வேலை பார்த்தவர். ஓட்டையில்லாத சாக்கைத் தூக்கி எறிய அவருக்கு மனம் வராது. கொண்டுவந்து, மடித்து, தண்ணீர்த் தொட்டியோரம் அடுக்கிவிடுவார்.

"சுக்கு மணத்துக்கு ஒரு பூச்சியும் கிட்ட அடுக்காது மோளே," என்றார்.

நான்காவது பொறியை அவர் கையில் கொடுத்தேன். திருப்பித் திருப்பிப் பார்த்தார். பிறகு தாமே போய் அடிச்சாக்கை உருவினார். தொட்டி கசிந்து அது ஊறிப்போயிருந்தது. அதிலிருந்து கிளம்பிய கரப்பான்கள் அவர் பாதத்தின் மேலேயே ஓட, துணி துவைக்கும் கல்லின் மேல் ஏறி நின்றுவிட்டார்.

படிக்கட்டிலிருந்து அம்மா கேட்டார்: "மணம் எப்படி இருக்கு?"

சாக்குகளை அத்தாவே வெயிலில் உதறிக் காயவைத்து, ஆட்டோவில் கிடங்குக்குத் திருப்பிக் கொண்டுபோனார். கசிவை அடைத்தோம். மருந்து அடிக்காமல் புதிய விஷப் பசை வைத்தேன்.

இன்றைய நிலை: ஐந்து பொறிகளிலும் சேர்த்து இரண்டு கரப்பான்கள். முழுக்கப் போய்விட்டன என்று சொல்ல மாட்டேன். அத்தா ஒரு சாக்கை மட்டும் வைத்துக்கொண்டார். அது மாடிக் கொடியில் தொங்குகிறது. அதன் பக்கத்தில், அம்மா அலசிப் போட்ட பாய் காய்கிறது. நோன்புக்கு இன்னும் நான்கு நாள்.