அறுபது முகவரிகள்

நகராட்சியின் பிறப்பு இறப்புப் பதிவுப் பிரிவில் முப்பத்தொரு ஆண்டுகளாக எழுத்தராக இருந்த அவரை எல்லோரும் 'புள்ளி' என்றுதான் அழைத்தார்கள். தசமப் புள்ளிக்குப் பின்னால் இரண்டு இலக்கம் இல்லாத எண்ணை அவர் நம்பமாட்டார். பெண் பார்க்கப் போன இடத்தில் வயதைக் கேட்டதற்கு, "இருபத்தொம்பது புள்ளி நாலு ரெண்டு" என்றாராம். கட்டிக்கொண்டவள் கண்ணை மூடும்வரை அதைச் சொல்லிச் சிரித்தாள். அவளுக்குப் பிறகு வீட்டில் அவரும், ஒரே மகளும், வீட்டோடு வந்துவிட்ட மருமகனும்தான்.

அவர்கள் குடியிருந்த மேட்டில் எட்டாயிரம் பேர். பதினொரு கிலோமீட்டர் கீழே, ஆற்றங்கரையில் ஐயாயிரம் பேர். இரண்டும் ஒரே நகராட்சி. மேட்டில் இரண்டு கட்டிலும் ஒரு மருத்துவச்சியுமாக ஒரு சின்னப் பிரசவ விடுதி இருந்தது. அறுவை அறை உள்ள ஆஸ்பத்திரி ஆற்றங்கரையில். பிரசவத்துக்குப் புதுக் கட்டடம் எங்கே கட்டுவது என்ற பேச்சு வந்தபோது, எந்தப் பகுதி எப்படி வளரும் என்று கணக்குப் போட்டுத் தரும்படி ஆணையர் அவரிடம் சொன்னார்.

ஐந்தாண்டுப் பதிவேடுகளை விரித்துவைத்து, பிறப்பில் இறப்பைக் கழித்து, வளர்ச்சி வீதம் கண்டார். மேட்டில் ஆண்டுக்கு நூற்றுக்கு ஒன்று புள்ளி பூஜ்யம் பூஜ்யம். ஆற்றங்கரையில் நான்கு புள்ளி பூஜ்யம் பூஜ்யம்.

"எட்டாயிரத்தை அஞ்சாயிரம் எப்பய்யா எட்டிப் பிடிக்கிறது?" என்றார் ஆணையர்.

"பதினேழாவது வருஷம் சார். இது கூட்டிக்கிட்டே போற கணக்கு இல்ல, பெருக்கிக்கிட்டே போறது. இன்னைக்குப் பொறந்ததுங்க நாளைக்குப் பெத்துக்கும். அப்ப மேட்டுல ஒன்பதாயிரத்து நானூத்தி எழுபத்தி நாலு, ஆத்தங்கரையில ஒன்பதாயிரத்து எழுநூத்தி நாப்பது."

"புள்ளியே சொல்லிட்டாரு, அப்புறம் அப்பீல் ஏது!" என்று சிரித்தார் ஆணையர்.

கட்டடம் ஆற்றங்கரையில் எழும்பியது. மேட்டு விடுதியைப் பூட்டி, மருத்துவச்சியையும் கீழே மாற்றினார்கள்.

மூன்றாம் ஆண்டு, மழை கொட்டிய ஒரு மதியம், நிறைமாதமாக இருந்த மகளுக்கு வலி கண்டது. பழைய விடுதி மூன்று தெரு தள்ளித்தான். இறக்கத்துச் சாலையில் வண்டி ஒரு மணி பத்து நிமிடம் ஊர்ந்தது. ஆற்றங்கரையில் பிறந்த பெண் குழந்தை நாற்பது நிமிடம் உயிரோடு இருந்தது.

"வலியை அடக்கிக்கிட்டுக் கெடந்தேன்பா. கொஞ்சம் முன்னாடி சொல்லியிருந்தா..." மகள் தினமும் இதையே சொன்னாள். சோற்றைப் பிசைந்துவைத்துவிட்டு, சாப்பிடாமல், இதையே சொன்னாள்.

ஐந்தாம் நாள் அவர் அலுவலகம் போய், குழந்தையின் பிறப்பையும் இறப்பையும் தன் கையாலேயே பதிந்தார். நிகழ்ந்த இடம்: ஆற்றங்கரை. அடுத்த கட்டம், தாயின் முகவரி. சொந்த வீட்டுக் கதவு எண்ணை எழுதும்போது பேனா நின்றது. இந்தப் பிள்ளை அவர் வழக்கமான கணக்கில் ஆற்றங்கரைப் பிள்ளை. இத்தனை ஆண்டுகளாக அவர் எண்ணியது நிகழ்ந்த இடத்தை மட்டும்தான்.

பழைய ஐந்து பதிவேடுகளையும் இறக்கி, முகவரிக் கட்டத்தை எண்ணினார். கீழே இறங்கிப் போய்ப் பெற்றுக்கொண்ட மேட்டுத் தாய்மார்கள், ஆண்டுக்கு அறுபது பேர். அந்த அறுபதையும் மேட்டுக் கணக்குக்கு மாற்றிப் பார்த்தால் மேட்டில் ஒன்று புள்ளி ஏழு ஐந்து, ஆற்றங்கரையில் இரண்டு புள்ளி எட்டு பூஜ்யம். ஆற்றங்கரை முந்துவது பதினேழாவது ஆண்டில் இல்லை, நாற்பத்தாறாவது ஆண்டில்.

"பொறந்த எடத்துலதான எழுதணும்? நீங்க எழுதினது சரிதானேய்யா?" என்றார் திருத்திய தாளைப் பார்த்த ஆணையர்.

"எழுதினது சரி சார். எண்ணினதுதான் தப்பு."

"இப்ப அந்த மேட்டு விடுதியில கொசு மருந்து மூட்டை அடுக்கியிருக்கோம். நாலு நாள் லீவு போட்டுட்டுப் போங்க."

திருத்திய தாளைக் கோப்பில் சேர்த்துவிட்டு, நகலை மடித்து வீட்டுக்குக் கொண்டுவந்தார். சொல்லாமல் இருந்தால் யாருக்கும் தெரியப்போவதில்லை. ஆனால் உள்ளே நுழைந்ததும், "கொஞ்சம் முன்னாடி சொல்லியிருந்தா..." என்று மகள் ஆரம்பித்தாள்.

"உன் மேல தப்பில்லம்மா. என் மேலதான்," என்று தாளை அவள் முன்னால் விரித்தார்.

அவள் வெகுநேரம் பார்த்தாள். "நூத்துக்கு முக்கால்தானேப்பா வித்தியாசம்?"

"ஆமாம்மா."

அன்றிலிருந்து அவள் தன்னைத்தானே குறை சொல்லிக்கொள்ளவில்லை. அப்பாவோடும் அதிகம் பேசவில்லை.

அடுத்த மாதம் அவளும் கணவனும் ஆற்றங்கரைக்கு வீடு மாறினார்கள். சாமான் வண்டி கிளம்பும்போது இறங்கி, வாசல்வரை திரும்பி வந்தாள்.

"அப்பா, பாப்பா இப்ப எந்தக் கணக்குல இருக்கா?"

"மேட்டுலதாம்மா. மாத்தி எண்ணிட்டேன்."

தலையை ஆட்டிவிட்டு அவள் போய் வண்டியில் ஏறிக்கொண்டாள்.